மலையாள மெலடியில் சாக்ஸ் ஒட்டுமா? (கானமேளா, ஒரு கட்டை, ஹரிகாம்போதி)

கொச்சி_கானமேளா
ஒரு கானமேளாவுக்கு (கேரளத்து மேடை மெல்லிசை நிகழ்ச்சி) வாத்தியப் பட்டியல் போட வேண்டும். எண்பதுகளின் மலையாள மெலடி ஒன்று. ஒரு கட்டை சுருதி (மேற்கத்திய 'சி'), ஹரிகாம்போதி ராகச் சாயல், ஆண் குரல். ஒரிஜினலில் இரண்டு இடையிசையும் புல்லாங்குழல்தான். குழல்காரர் கிடைக்கவில்லை, ஆல்டோ சாக்ஸபோன் (சாக்ஸ்) வாசிப்பவர் கிடைத்திருக்கிறார். குழல் பகுதியை அப்படியே அவரிடம் கொடுக்கலாமா? இல்லை, கீபோர்டில் குழல் டோன் போட்டுவிட்டு சாக்ஸை துள்ளல் பாட்டுகளுக்கு மட்டும் வைத்துக்கொள்வதா? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

குழல்பித்தன்
துள்ளல் பாட்டுக்கே வைத்துக்கொள்ளுங்கள். மலையாள மெலடியில் சாக்ஸ் எப்போதும் விருந்தாளிதான். எழுபதுகளின் படங்களில் அது எங்கே வந்தது என்று பாருங்கள்: ஓட்டல் மேடை, காபரே, பார் கவுண்டர், வில்லன் பங்களா. ஐம்பது வருடம் ஒரு சத்தத்தைக் கண்ணாடிக் கோப்பையோடு சேர்த்துக் காட்டிவிட்டு, இப்போது வயல்வரப்பில் நடக்கும் கதாநாயகனுக்கு அதையே ஊதினால் கேட்பவன் காதில் ஐஸ் கட்டி உருளும் சத்தம்தான் விழும்.

இது வெறும் பழக்கதோஷம் இல்லை. பாபுராஜ், ராகவன் மாஸ்டர், தட்சிணாமூர்த்தி சுவாமி, தேவராஜன் மாஸ்டர் எல்லாரும் மெட்டைக் கட்டியது வாய்ப்பாட்டு வழியில். ஸ்வரத்துக்கும் ஸ்வரத்துக்கும் இடையே இருக்கும் வழுக்கலில்தான் பாட்டு இருக்கிறது. மூங்கிலில் துளையைப் பாதி மூடலாம், விரலை உருட்டலாம். சாக்ஸில் விரலுக்கும் துளைக்கும் நடுவே ஒரு பித்தளை மூடி உட்கார்ந்திருக்கிறது. மூடினால் மூடியது, திறந்தால் திறந்தது.

ரீட்_நம்பர்_மூணு
மூடினால் மூடியது என்பது ஆர்மோனியத்துக்குப் பொருந்தும். சாக்ஸில் வழுக்கல் விரலில் கொஞ்சம்தான், மீதி கீழ்த்தாடையிலும் தொண்டையிலும் இருக்கிறது. நடு ஸ்தாயியில் உதட்டைத் தளர்த்தினால் அரை ஸ்வரம் கீழே இழுக்கலாம். இடது உள்ளங்கை சாவிகள் இருக்கும் மேல் ஸ்தாயியில் அதற்கும் மேல் போகலாம். மேல்நோக்கித்தான் கடினம், உதட்டை எவ்வளவு இறுக்கினாலும் கால் ஸ்வரம் ஏறாது. அதனால் ஏறும் ஜாருவை (ஸ்வரத்துக்கு ஸ்வரம் வழுக்கிப் போவது), சேர வேண்டிய ஸ்வரத்தின் விரலைப் போட்டு, தாடையால் கீழே பிடித்துக்கொண்டு, மெல்ல விட வேண்டும். தெரிந்தவர் ஊதினால் மூடி இருப்பதே தெரியாது.

கத்ரி கோபால்நாத் ஆல்டோவில் முழுக் கச்சேரி செய்தார். மங்களூர்ப் பக்கத்துக்காரர், நாகஸ்வரக் குடும்பம், 2019இல் மறைந்தார். 1994இல் வந்த 'டூயட்' படத்தில் ஊதியவரும் அவர்தான். அவர் கையில் கமகம் இல்லை என்று யாராவது சொன்னதுண்டா?

குழல்பித்தன்
அவரை இழுப்பீர்கள் என்று தெரியும். விதிவிலக்கை விதியாக்காதீர்கள் சார். நாகஸ்வரத்தைக் கேட்டு வளர்ந்து, கர்நாடக இசைக்காகவே வாழ்நாள் முழுக்கச் சாக்ஸை வளைத்தவர் அவர். கொச்சியில் கானமேளாவுக்கு வருபவர் ஜாஸ் நோட்டைப் பார்த்து ஊதுபவராக இருப்பார். அவரிடம் குழல் பகுதியைக் கொடுத்தால் ஒவ்வொரு நீண்ட ஸ்வரத்தின் கடைசியிலும் ஒரே அளவு வைப்ராட்டோ, அதாவது சீரான நடுக்கம், வரும். கமகமும் வைப்ராட்டோவும் ஒன்றில்லை.

ரீட்_நம்பர்_மூணு
கடைசி வரி சரி. அதற்கு மருந்து எளிது: நோட்டில் அந்த ஸ்வரங்களின் மேல் 'வைப்ராட்டோ வேண்டாம்' என்று எழுதிவிடுங்கள். ஊதுபவர்கள் எழுதியதை மதிப்பார்கள். எழுதாததைத்தான் சொந்தப் பழக்கத்தால் நிரப்புவார்கள்.

நாஞ்சிலான்
இருவரும் சென்னை ஒலிப்பதிவுக்கூடத்துக்குள்ளேயே நின்று பேசுகிறீர்கள். கொஞ்சம் வெளியே வாருங்கள்.

கேரளத்தில் சாக்ஸ் என்றால் பார் ஞாபகம் மட்டும்தான் வருமா? திருச்சூரிலிருந்து எங்கள் நாஞ்சில் நாடு வரை எந்த ஊர்ப் பள்ளிப் பெருநாளுக்கும் (பள்ளி என்றால் இங்கே தேவாலயம்) போய்ப் பாருங்கள். பேண்ட் செட் இல்லாமல் ஊர்வலம் நகராது. கிளாரினெட், டிரம்பெட், சாக்ஸ், யூஃபோனியம், சைடு டிரம், பெரிய டிரம், சிஞ்சா. வாசிப்பது பக்திப் பாட்டும் சினிமாப் பாட்டும், அதிலும் பழைய மெலடி நிறைய. பாடகர் இல்லாத அந்த ஊர்வலத்தில் பல்லவியைத் தூக்கிக்கொண்டு போவதே கிளாரினெட், சாக்ஸ் போன்ற ரீட் (நாணல் தகடு) வாத்தியங்கள்தான். பெருநாள் கூட்டத்தில் நிற்கும் வயசான அம்மச்சிக்கு சாக்ஸ் பள்ளி முற்றத்துச் சத்தம்.

இசையமைப்பாளர்கள் ஜான்சனும் ஔசேப்பச்சனும் திருச்சூர்க்காரர்கள், 'வாய்ஸ் ஆஃப் திருச்சூர்' குழுவில் வாசித்து வந்தவர்கள். ஜான்சன் நெல்லிக்குன்னு பள்ளியின் பாடகர் குழுவில் இருந்தவர். அந்த மண்ணில் மேற்கத்திய வாத்தியம் விருந்தாளி என்றால் அங்கே வீட்டுக்காரன் யார்?

குழல்பித்தன்
நாஞ்சில் அண்ணே, நல்ல வாதம். ஆனால் நீங்களே சொன்ன பட்டியலில் முதல் பெயர் கிளாரினெட். பேண்ட் செட்டை நடுவில் வைத்து 2013இல் வந்த 'ஆமென்' படத்தில் நாயகன் கையில் இருப்பது எது? கிளாரினெட். பள்ளி முற்றத்துக்கும் சாக்ஸ் இரண்டாவது வரிசை ஆள்தான்.

நாஞ்சிலான்
இரண்டாவது வரிசையில் நின்றாலும் அவன் ஊர்க்காரன்தானே தம்பி.

மிக்ஸர்_பொட்டலம்
சொந்தமா விருந்தாளியா என்பதை விடுங்கள். காதுக்குள் நடப்பதைப் பார்ப்போம்.

சாக்ஸைக் குரலோடு சேர்ப்பதில் உள்ள சங்கடம் அதன் இடம். ஆல்டோவின் உண்மையான ஒலி எல்லை: கீழே டி ஃப்ளாட், அதாவது நடு 'சி'க்கு ஏறத்தாழ ஒரு ஸ்தாயி கீழே. மேலே, நடு 'சி'க்கு ஒன்றே முக்கால் ஸ்தாயி உயரத்தில் முடிகிறது. ஆண் குரல் பாடும் இடத்தில் பெரும்பகுதி இதற்குள் அடங்கிவிடும். பெண் குரலும் அடங்கிவிடும். அதனால் வரிக்கு நடுவே குரலோடு சேர்த்து ஊதினால் இரண்டு பேர் ஒரே நாற்காலியில் உட்கார்ந்த கதை. புல்லாங்குழல் குரலுக்கு ஒரு ஸ்தாயி மேலே போய் உட்காரும், நாற்காலி வேறு. மலையாள மெலடியில் வரியிடை நிரப்பல்களுக்குக் குழலும் வயலினும் நிலைத்ததற்கு நிலா, நதி, கிராமம் எல்லாம் அப்புறம்தான் காரணம். முதல் காரணம் இந்த இடப் பங்கீடு.

பின்னணி இசையிலும் இதே கதை. வசனத்தின் தெளிவு 2 முதல் 4 கிலோஹெர்ட்ஸ் வட்டாரத்தில் இருக்கிறது. சாக்ஸ் பளபளப்பதும் அங்கேதான். யாராவது பேசிக்கொண்டிருக்கும்போது சாக்ஸ் வந்தால் ஒன்று சாக்ஸைக் குறைக்க வேண்டும், இல்லையேல் வசனம் விழுங்கப்படும். அதனால்தான் அது பேச்சில்லாத இடங்களைத் தேடிப் போகிறது: மழை, ராத்திரி ரோடு, தனியாக நிற்கும் ஆள். பார் காட்சியும் அப்படியொரு பேச்சில்லாத இடம், அவ்வளவே.

குழல்பித்தன்
அப்படியானால் நான் சொன்னது சரி என்று ஆகிறதே.

மிக்ஸர்_பொட்டலம்
பாதி. மறுபாதியையும் கேளுங்கள். ஆப்டிகல் மோனோ (படச்சுருளின் ஓரத்தில் பதிந்த ஒற்றை ஒலித்தடம்) காலத்துத் தியேட்டரில் 8 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் கிட்டத்தட்ட ஒன்றும் மிஞ்சாது. புல்லாங்குழலின் மூச்சுக்காற்று, சிம்பலின் மினுக்கு, வயலின் வில்லின் உரசல், எல்லாம் அங்கே செத்துவிடும். சாக்ஸ், கிளாரினெட், ஷெனாய் மூன்றின் உடம்பும் அதற்குக் கீழே இருக்கிறது, முழுசாக வந்து சேரும். டூரிங் டாக்கீஸ் ஹாரன் ஸ்பீக்கரில்கூட சாக்ஸ் சாக்ஸாகவே கேட்டது. அந்தக் காலத்து வாத்திய அமைப்பாளர்கள் ரீட் வாத்தியங்களை விரும்பியதற்கு இதுவும் காரணம். காபரே மோகம் மட்டும் இல்லை.

ரீட்_நம்பர்_மூணு
அருமை. ஒன்று சேர்க்கிறேன். கேட்டவர் கேட்டது இடையிசையைப் பற்றி. இடையிசையில் குரலே இல்லை! நாற்காலிச் சண்டை அங்கே வராது. நிரப்பல்களைக் கீபோர்டுக்குக் கொடுங்கள், இடையிசையை சாக்ஸுக்குக் கொடுங்கள், முடிந்தது.

குழல்பித்தன்
முடியவில்லை. குழல் இடையிசை மேல் ஸ்தாயி காந்தாரத்தைத் தாண்டிப் போயிருக்கும். ஆல்டோ அங்கே எட்டாது. ஒரு ஸ்தாயி இறக்க வேண்டும். இறக்கினால் இடையிசை முடியும் ஸ்வரமும் பாடகர் சரணத்தை எடுக்கும் ஸ்வரமும் ஒரே உயரத்தில் வந்து முட்டும். ஒரிஜினலில் மேலே பறந்த பறவை இறங்கி வந்து குரலிடம் ஒப்படைத்தது. உங்கள் வடிவத்தில் பக்கத்தில் நின்றவன் பையைக் கை மாற்றுகிறான்.

ரீட்_நம்பர்_மூணு
அதனால்தான் 'அப்படியே' கொடுக்கக் கூடாது. கடைசி இரண்டு தாள அளவைக் கீழே கொண்டுபோய் முடியுங்கள். சாக்ஸ் மந்திர (கீழ் ஸ்தாயி) பஞ்சமத்தில் நின்றால் குரல் அதற்கு மேலிருந்து புறப்படும். இறங்குவதற்குப் பதில் ஏறுவது. ஒப்படைப்பு ஒப்படைப்புதான்.

ஆனால் இவர் சொன்ன சுருதியும் ராகமும் சேர்ந்து ஆல்டோவில் வேறொரு பள்ளத்தில் விழுகின்றன, அதை யாரும் இன்னும் தொடவில்லை. கொஞ்சம் விவரமாகவே எழுதுகிறேன், கானமேளாக்காரர் நோட்டு எழுதுபவரிடம் காட்டட்டும்.

ஆல்டோ ஈ ஃப்ளாட் வாத்தியம். நோட்டில் 'சி' என்று எழுதினால் காதில் விழுவது இரண்டரைக் கட்டை. ஆகவே ஒரு கட்டைப் பாட்டுக்கு ஆல்டோ நோட்டில் ஷட்ஜம் (ஸ) 'ஏ'. ஹரிகாம்போதி என்றால் ஏ, பி, சி ஷார்ப், டி, ஈ, எஃப் ஷார்ப், ஜி. இரண்டே ஷார்ப். காகிதத்தில் பார்த்தால் குழந்தைகூட ஊதலாம். நோட்டு எழுதுபவர் திருப்தியாக மூடி வைத்துவிடுவார்.

பிரச்சினை காந்தாரத்துக்கும் (க) மத்தியமத்துக்கும் (ம) நடுவில். நோட்டில் அவை சி ஷார்ப், டி. நடு ஸ்தாயி சி ஷார்ப்புக்கு சாக்ஸில் ஒரு விரலும் வேண்டாம், எல்லாம் திறந்திருக்கும். அடுத்த டி ஸ்வரத்துக்கு இரண்டு கையிலும் மும்மூன்று விரல், கூடவே கட்டைவிரலில் ஆக்டேவ் சாவி (ஸ்தாயியை ஏற்றுவது). அரை ஸ்வரத் தூரம், ஏழு விரல் வேலை. ஒலியும் மாறுகிறது: சி ஷார்ப் மெலிந்து வெளிறிப்போய் இருக்கும், டி கம்பளி போர்த்தியது போல இருக்கும். இந்த இடத்தில் க-ம-க என்று அசைத்தால் ஒரே குரல் அசைவதாகக் கேட்காது. இரண்டு பேர் மாறி மாறிப் பேசுவதுபோல் கேட்கும், நடுவில் சாவிச் சத்தம் வேறு. ஹரிகாம்போதியில் பாட்டின் உயிரே க-ம அசைவில் இருக்கிறது. குழல்பித்தன் சொல்கிற 'மூடினால் மூடியது' புகார் பலருக்கு இந்த ஒரு இடத்தைக் கேட்டே வந்திருக்கும்.

இதற்கு நாலு வழி.

மாற்று விரல்: சி ஷார்ப்பைத் திறந்து ஊதாமல், கீழ் சி ஷார்ப்பின் விரல்களைப் போட்டு ஆக்டேவ் சாவியை அழுத்தி ஊதலாம். ஒலி கனக்கும், பக்கத்து டி ஸ்வரத்தோடு நிறம் பொருந்தும். அல்லது எதிர்த் திசையில், டி ஸ்வரத்தை உள்ளங்கை டி சாவி ஒன்றால் மட்டும், ஆக்டேவ் இல்லாமல் எடுக்கலாம். ஒரே சாவி திறந்து மூடுவதால் அசைவு மென்மையாக வரும். சுருதி கொஞ்சம் நகரும், உதட்டால் பிடிக்க வேண்டும். மெதுவான அசைவுக்கு முதலாவது, வேகமானதுக்கு இரண்டாவது.

டெனருக்கு மாறுவது: டெனர் பி ஃப்ளாட் வாத்தியம். ஒரு கட்டைக்கு நோட்டில் ஷட்ஜம் 'டி'. காந்தார மத்தியமம் எஃப் ஷார்ப், ஜி. ஒரு விரல் வேலை, நெய் மாதிரி வழுக்கும். ஆனால் அதே உயரத்தில் ஒலிக்க டெனர் தன் இரண்டாவது ஸ்தாயியில் ஊத வேண்டும், குரல் கொஞ்சம் முறுக்கேறும். டெனரில் இதே விரல் தாவல் வரும் உடைப்பு இடம் ஏழு கட்டைக்கும் ஒரு கட்டைக்கும் நடுவில், அதாவது இந்தப் பாட்டில் ஷட்ஜத்துக்குச் சற்றுக் கீழே. ஹரிகாம்போதிக்குக் காகலி நிஷாதம் (ஷட்ஜத்துக்கு அரை ஸ்வரம் கீழே உள்ள நி) கிடையாது, அந்த இடத்தில் அரை ஸ்வர அசைவு வராது.

சோப்ரானோ: உயரம் சரியாக இருக்கும், விரலும் டெனர் போலவே. ஆனால் சுருதி சேர்ந்து நிற்பது கஷ்டம், ஆல்டோ ஊதுபவரிடம் ஒரு வாரத்தில் எதிர்பார்க்க முடியாது.

கடைசி வழி, பாட்டை அரைக் கட்டை ஏற்றுவது. ஒன்றரைக் கட்டையில் ஆல்டோவின் காந்தார மத்தியமம் டி, ஈ ஃப்ளாட் ஆகிவிடும். வலது சுண்டுவிரல் ஒன்றின் வேலை. நோட்டில் மூன்று ஃப்ளாட் வரும், பயப்பட ஒன்றுமில்லை.

குழல்பித்தன்
இதைத்தான் சார் முதல் பதிவிலேயே சொல்லியிருக்க வேண்டும். ஆனால் பாருங்கள், ஒரு வாத்தியத்துக்காகப் பாடகரின் சுருதியை மாற்றச் சொல்கிறீர்கள். குழலென்றால் வேறு குழலை எடுத்துக்கொள்வார், பையில் டஜன் இருக்கும்.

ரீட்_நம்பர்_மூணு
டஜன் குழல் சுமப்பவருக்கு டெனர் ஒன்று சுமப்பவர் குறைந்தவரா?

கொச்சி_கானமேளா
நன்றி நன்றி. டெனர் அவரிடம் இல்லை. சுருதி பற்றிப் பாடகரிடம் கேட்க வேண்டும். இதற்கு நடுவில் குழுவில் ஒருவர் சொல்வது: "ஒரிஜினலிலேயே இரண்டாவது இடையிசை குழல் இல்லை, சாக்ஸ்தான்." கேசட்டில் கேட்டால் எனக்கும் சந்தேகமாக இருக்கிறது. எப்படிக் கண்டுபிடிப்பது?

மிக்ஸர்_பொட்டலம்
இது அடிக்கடி நடக்கும் குழப்பம். 'அந்தப் பாட்டில் வரும் சாக்ஸ்' என்று நாலு பேர் சொன்னால் இரண்டு கிளாரினெட்டாக இருக்கும், ஒன்று கீபோர்டாக இருக்கும்.

முதலில் கிளாரினெட்டைத் தள்ளுங்கள். அது நேரான குழாய், சாக்ஸ் கூம்பு. கிளாரினெட்டின் கீழ்ப்பகுதி உள்ளே பள்ளமாக, மரப்பெட்டிக்குள் ஊதுவது போல இருக்கும். மேலே ஏறும்போது ஒரு கட்டத்தில் சட்டென்று வேறு வாத்தியம் போலப் பளிச்சென்று ஆகும். சாக்ஸ் கீழிருந்து மேல்வரை ஏறத்தாழ ஒரே குடும்பக் குரல், கீழே முரடு, மேலே கூர்.

அடுத்து கீபோர்டு. 1983இல் யமஹா டிஎக்ஸ்-7, 1987இல் ரோலண்ட் டி-50, 1988இல் கோர்க் எம்-1. இவை வந்த பிறகு வந்த கேசட்டென்றால் சந்தேகப்பட வேண்டும். சாம்பிள் சாக்ஸின் அடையாளம்: ஒவ்வொரு ஸ்வரத்திலும் வைப்ராட்டோ ஒரே நேரம் கழித்துத் தொடங்கும். சாம்பிளை மேலே இழுத்திருந்தால் வைப்ராட்டோவின் வேகமும் கூடும், மேல் ஸ்வரங்கள் எலி பேசுவது மாதிரி ஆகும். ஸ்வரத்திலிருந்து ஸ்வரத்துக்குப் போகும்போது ஒவ்வொன்றும் புதிதாக நாக்குத் தட்டியது போல் தொடங்கும். மனிதன் அப்படி ஊதமாட்டான், நாலு ஸ்வரத்தை ஒரே மூச்சில் கட்டுவான். இன்னொரு சோதனை மூச்சு. பதினைந்து, இருபது விநாடிக்கு மேல் ஒரு இடைவெளியும் இல்லாமல் ஓடினால் கை சாவியில் இருக்கிறது, உதடு ரீடில் இல்லை. வட்டச் சுவாசம் (ஊதிக்கொண்டே மூக்கால் மூச்சிழுப்பது) தெரிந்தவர்கள் உண்டு, ஆனால் சினிமா இடையிசைக்கு அதை யாரும் செலவழிப்பதில்லை.

கேசட்டோடு சுருதி சேர்த்துப் பார்க்கும்போது ஒன்று கவனியுங்கள். டேப் ஒரு சதவீதம் வேகமாக ஓடினால் 17 சென்ட் ஏறிவிடும். 'ஒரு கட்டைக்கும் ஒன்றரைக்கும் நடுவில் இருக்கிறது' என்று நினைத்தால் குற்றம் டேப்பில், பாட்டில் இல்லை.

நாஞ்சிலான்
கீபோர்டு வந்தது பற்றி ஒரு வார்த்தை. குழல்பித்தன் தம்பி சாக்ஸை விருந்தாளி என்கிறார். விருந்தாளியை வெளியே அனுப்பியது ரசிகர் இல்லை. அந்தக் காலத்து மலையாளப் பாட்டில் பெரும்பகுதி பதிவானது சென்னையில். எம்.பி. ஸ்ரீனிவாசன் சினிமா இசைக்கலைஞர்களுக்குச் சங்கம் கட்ட உழைத்தவர், மலையாளத்தில் 'யவனிகா' போன்ற படங்களுக்கு இசை அமைத்தவர். ரஹ்மானின் தகப்பனார் ஆர்.கே. சேகர் 1976இல் மறையும் வரை தேவராஜன், அர்ஜுனன் மாஸ்டர்களின் மெட்டுகளுக்கு வாத்திய அமைப்பு செய்தார். சியாம், சென்னைக்காரர், வயலின் வாசித்தவர், மலையாளத்தில் எத்தனை படங்கள்! இவர்கள் எல்லாரும் ஒரே அறையில் உட்கார்ந்த நாற்பது பேருக்கு எழுதிப் பழகியவர்கள். அந்த அறையில் சாக்ஸ்காரர் மாதச் சாமான் மாதிரி எப்போதும் இருந்தார். காபரேக்குக் கூப்பிட்டவர் அன்றைக்கே மெலடிக்கும் உட்கார்ந்திருப்பார், கால்ஷீட் ஒன்றுதானே. தனியாகக் கேட்காததால் இல்லை என்று முடிவு கட்டக் கூடாது. கொம்புகளின் கூட்டு ஒலியில் நடுக்குரல் ஊதுபவர் பெரும்பாலும் அவர்தான்.

கேரளத்திலேயே பதிவுக்கூடங்கள் வந்தன, 1980இல் திருவனந்தபுரத்தில் தரங்கிணி. பிறகு கீபோர்டு வந்தது, ஆட்களின் எண்ணிக்கை குறைந்தது. முதலில் போனது ரீட் வாத்தியங்கள்.

குழல்பித்தன்
குழலும் போனதே? போகவில்லை. கீபோர்டு வந்த பிறகும் குழலுக்கு ஆள் கூப்பிட்டார்கள். ஏன்? சாம்பிளில் குழல் ஏமாற்றவில்லை. சாக்ஸ் ஏமாற்றியது, அதாவது அதன் தேவை அவ்வளவு மேலோட்டமாக இருந்தது. யாருக்கும் வித்தியாசம் தெரியவில்லை.

ரீட்_நம்பர்_மூணு
சுருக்கென்று தைக்கிறது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் காரணம் வேறு. கூட்டு ஒலியில் ஒளிந்திருந்த சாக்ஸைக் கீபோர்டு எளிதாக விழுங்கியது. குழல் எப்போதும் தனியாக முன்னே நின்றது, அதை விழுங்க முடியவில்லை. முன்னே நிற்கும் வாய்ப்பு கிடைத்திருந்தால் சாக்ஸும் தப்பித்திருக்கும். மலையாளத்தில் அந்த வாய்ப்பு குறைவு, அது வாத்தியத்தின் குற்றமா எழுதியவர்களின் குற்றமா என்பதுதான் நம் சண்டையே.

குழல்பித்தன்
மெட்டின் குற்றம் என்று ஒரு மூன்றாவது உண்டு. தாலாட்டு நடையில், மந்திர ஸ்தாயியில், மிக மெல்லிய சத்தத்தில் ஒரு பாட்டு தொடங்குகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். மலையாளத்தில் அப்படி எத்தனை! அங்கே சாக்ஸைத் தொடங்கச் சொல்லுங்கள் பார்ப்போம். கீழ் பி ஃப்ளாட், பி ஸ்வரங்கள் மெல்ல ஊதினால் பேசாது, பேசினால் கத்தும்.

ரீட்_நம்பர்_மூணு
தாடையை இறக்கி, ரீடை அதிகம் தொடாமல், காற்று கலந்து ஊதும் முறை இருக்கிறது, சப்டோன் என்பார்கள். டெனரில் தாலாட்டே ஊதலாம். ஆனால் ஒரு நிபந்தனை: மூடிகள் ஒழுகக் கூடாது. மேலே ஒரு மூடி முடியளவு தூக்கி நின்றாலும் கீழ் ஸ்வரம் கொப்பளிக்கும். நம்மூர் ஈரக்காற்றில் தோல் மூடி ஊறும், காயும், தடிக்கும். வாத்தியம் ஒழுகுவதை வைத்து 'சாக்ஸால் மெல்ல ஊத முடியாது' என்று முடிவு கட்டிய இசையமைப்பாளர்கள் இருந்தால் ஆச்சரியமில்லை.

மிக்ஸர்_பொட்டலம்
கானமேளாவுக்கு ஈரக்காற்று பற்றிச் சொல்லிவிடுங்கள், மேடையில்தான் மானம் போகும்.

ரீட்_நம்பர்_மூணு
ஆமாம், அதுவும் கொச்சி.

ஜி ஷார்ப் மூடி. ஊதாதபோது மூடியே இருக்கும், வேண்டும்போது மெல்லிய ஸ்பிரிங் ஒன்று அதைத் திறக்க வேண்டும். சாயா குடித்துவிட்டு வாய் கொப்பளிக்காமல் ஊதினால் சர்க்கரையும் எச்சிலும் சேர்ந்து ஒட்டிக்கொள்ளும். சாவியை அழுத்துவார், மூடி திறக்காது, ஜி ஷார்ப்புக்குப் பதில் ஜி வரும். ஆல்டோவில் அது காதுக்கு ஏழு கட்டை ஸ்வரம். ஒரு கட்டையில் அது காகலி நிஷாதம், உங்கள் பாட்டில் வராது. ஒன்றரைக் கட்டைக்கு மாற்றினாலோ அது கைசிகி நிஷாதம் (ஹரிகாம்போதியின் நி), ஆரோகணத்திலேயே நிற்கிறது! மாற்றுவதாக இருந்தால் மேடை ஏறும் முன் மூடிக்கு அடியில் மெல்லிய காகிதத்தை வைத்து, மூடி அழுத்தி, மூன்று நாலு தடவை ஒற்றி எடுக்கச் சொல்லுங்கள். அழுத்தி இழுக்கக் கூடாது, தோல் கிழியும்.

ரீட் நாலாவது கையில் இருக்கட்டும். ஈரத்தில் அடிப்பக்கம் வளைந்தால் மவுத்பீஸின் மேல் தட்டையாக உட்காராது, நீண்ட ஸ்வரத்தின் நடுவே கீச்சென்று கத்தும். மேலும் ஏசி அறையில் சுருதி சேர்த்துவிட்டுத் திறந்த மேடைக்குப் போனால் சுருதி ஏறும். குழாய்க்குள் காற்று ஒரு டிகிரி சூடானால் சுமார் 3 சென்ட். ஊதுபவர் மூச்சே குழாயைச் சூடாக்குவதால் கணக்கு அப்படியே வராது, ஆனாலும் மேடையிலேயே ஐந்து நிமிடம் ஊதிவிட்டுத்தான் சேர்க்க வேண்டும். ஏறியிருந்தால் மவுத்பீஸைக் கார்க்கில் இரண்டொரு மில்லிமீட்டர் வெளியே இழுத்தால் போதும்.

மிக்ஸர்_பொட்டலம்
மைக் பற்றி ஒரு வரி. மணிவாய்க்குள் (சாக்ஸின் விரிந்த முனை) மைக்கைத் திணிக்காதீர்கள். சாக்ஸின் ஒலி திறந்திருக்கும் எல்லாத் துளையிலிருந்தும் வருகிறது, மணிவாயில் முக்கியமாகக் கீழ் ஸ்வரங்கள்தான். ஒன்றரை அடி தள்ளி, மணிவாயின் விளிம்புக்கும் இடது கைக்கும் நடுவே பார்த்து வையுங்கள். மணிவாயோடு கிளிப் மைக் மட்டும்தான் இருக்கிறதென்றால் 2, 3 கிலோஹெர்ட்ஸைக் கொஞ்சம் இறக்குங்கள், இல்லாவிட்டால் குழல்பித்தனின் பார் கவுண்டர் வந்துவிடும்.

குழல்பித்தன்
சிரித்துவிட்டேன். சரி, ஒரு விட்டுக்கொடுப்பு: முதல் இடையிசையைக் கீபோர்டு குழலுக்கு விடுங்கள், இரண்டாவதை சாக்ஸ் எடுக்கட்டும். அதுவும் ஒன்றரைக் கட்டை என்றால் மட்டும். ஒரு கட்டையிலேயே நின்றால் நான் முதல் பதிவில் சொன்னதுதான்.

ரீட்_நம்பர்_மூணு
ஒரு கட்டை என்றால் மாற்று விரல் இருக்கிறதே! கீழ் சி ஷார்ப் விரல், ஆக்டேவ். ஒரு மணி நேரப் பயிற்சி.

குழல்பித்தன்
மேடையில் விரல் பழைய பழக்கத்துக்குத்தான் போகும் சார், தெரியாதா?

கொச்சி_கானமேளா
பாடகரிடம் பேசிவிட்டேன். ஒன்றரை முடியாது, மேல் பஞ்சமம் அவருக்குக் கிழியும் என்கிறார். ஏழு கட்டைக்கு இறக்குவதென்றால் சம்மதமாம். ஆல்டோவுக்கு ஏழு கட்டை எப்படி?

ரீட்_நம்பர்_மூணு
ஏழு கட்டை என்றால் ஒரு கட்டைக்கு அரை ஸ்வரம் கீழே, அவ்வளவே. காந்தார மத்தியமம் நோட்டில் சி, சி ஷார்ப். இடது நடுவிரல் ஒன்றை எடுத்து வைப்பதுதான், உடைப்பைத் தாண்டவே வேண்டாம். ஒன்றரையைவிட இது சுலபம். ஷட்ஜம் மட்டும் ஜி ஷார்ப் ஆகிறது, நோட்டில் ஏ ஃப்ளாட் என்று எழுதச் சொல்லுங்கள், ஐந்து ஃப்ளாட் வரும். ஒட்டும் மூடி இப்போது உங்கள் ஷட்ஜம்! காகிதத்தை மறக்காதீர்கள். சாயாவும் நிகழ்ச்சி முடிந்த பிறகு.